கூமாப்பட்டி வயலில் ஐந்துக்கு ஐந்து

அத்தியாயம் 17

திருமண் இட்டுக்கொள்ள உட்கார்ந்த சம்பத்குமாருக்கு அன்று கை இரண்டு தரம் கோணிற்று. துடைத்துவிட்டு மூன்றாம் தரம் இட்டுக்கொண்டார். ஐம்பத்து நாலு வயசில் இப்படி ஒரு காலை அவருக்கு விடிந்ததில்லை.

ஸ்ரீவில்லிபுத்தூர் மாட வீதியில் அவருக்குப் 'புள்ளி ஐயங்கார்' என்று பெயர். சர்க்கார் புள்ளியியல் துறையில் ஆய்வாளர். எந்த ஊரில் எத்தனை மூட்டை நெல் விளைந்தது, எந்த வட்டாரத்தில் எவ்வளவு பருத்தி வெடித்தது என்று மேலே போகிற எண்களை வயலில் இறங்கி எடுப்பவர். அறுபத்தோராம் வருஷம் வேலையில் சேர்ந்தார். எழுபத்து நாலு வறட்சியில், "விளைச்சலைக் கொஞ்சம் கூட்டிப் போடும்" என்று சொன்ன ஒரு பெரிய அதிகாரியிடம், "கூட்டிப் போட்டால் கூடுதலாகச் சாப்பிட முடியுமா?" என்று கேட்டார். அதற்காக மூன்று வருஷம் ராமநாதபுரத்து உப்புக் காற்றில் கிடந்தார். கைக்குழந்தைகளோடு கூடவே போய்க் கிடந்தாள் மனைவி ஸாவித்ரி. எண்ணை மட்டும் மாற்றவில்லை.

அப்படிப்பட்டவர் பேரில்தான் பத்து நாளைக்கு முன்னால் ஒரு மொட்டைக் கடுதாசி போயிருந்தது.

தை மாதம் பிறந்த மூன்றாம் நாள் கூமாப்பட்டியில் சுயம்புலிங்கம் என்பவருடைய வயலில் அவர் 'மாதிரி அறுவடை' செய்தார். வயலில் ஐந்து மீட்டருக்கு ஐந்து மீட்டர் சதுரம் கட்டி, அதில் விளைந்ததை மட்டும் அறுத்து, அடித்து, தூற்றி, நிறுப்பது அந்தத் துறையின் வழக்கம். அதைப் பெருக்கித்தான் ஊருக்கே விளைச்சல் சொல்வார்கள். சுயம்புலிங்கத்தின் சதுரத்தில் எட்டு கிலோ நூறு கிராம் விழுந்தது. நின்ற பயிரைப் பார்த்தபோது பத்து கிலோவுக்குக் குறையாது என்று அவர் கண்ணே சொல்லிற்று. ஆனால் கண் சொன்னதை எழுதுகிற உத்தியோகம் இல்லை அது. தராசு சொன்னதை எழுதினார்.

கடுதாசிக்காரன் அதைப் பிடித்துக்கொண்டான். 'ஆய்வாளரின் தம்பி உப்பிலிக்கு மகாராஜபுரத்தில் ரெண்டு ஏக்கர் இருக்கிறது. வட்டாரத்தில் விளைச்சல் குறைந்ததாகக் காட்டினால் பயிர்க் காப்பீட்டுத் தொகை வரும். அண்ணன் குறைத்து எழுதுகிறார், தம்பி கை நீட்டக் காத்திருக்கிறார்.'

அதே ஊரில் இரண்டாவது வயல் இன்று. மதுரையிலிருந்து துணை இயக்குநரே நேரில் வருகிறார். இன்றைக்குப் பத்து கிலோ விழுந்தால், முதல் வயலில் எட்டு எழுதியவன் திருடன். உதவி இயக்குநர் பதவிக்கான பட்டியலில் சம்பத்குமார் பெயர் மூன்றாவதாக இருந்தது. பதவி போனால் போகட்டும். மாட வீதியில் நடக்கிறபோது முதுகுக்குப் பின்னால் பேச்சு எழுமே, அதைத்தான் அவரால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

வாசலில் செருப்புச் சத்தம். ராஜபாளையத்திலிருந்து முதல் பஸ்ஸைப் பிடித்து வந்திருந்தான் உப்பிலி. அங்கே ஒரு மில்லில் டைம் கீப்பர். ஊரார் எல்லாரையும் நேரத்துக்கு வரவைக்கிறவன், சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டுக்கொண்டு வந்து நின்றான்.

"அண்ணா, ஒண்ணு சொல்றேன், கோச்சுக்கப்படாது."

"கோபம் வராத மாதிரி சொல்லத் தெரிஞ்சா சொல்லு."

"மெடிக்கல் லீவு போட்டுடுங்கோ. இன்னிக்கு வேற யாராவது அறுக்கட்டும். எட்டு வந்தாலும் பத்து வந்தாலும் உங்க தலையில விழாது."

"என்ன வியாதின்னு எழுதட்டும்?"

"வயித்து வலின்னு..."

"எனக்கு வயித்துல ஒண்ணும் இல்லே. நேத்து ராத்திரி உன் மன்னி பண்ணின அரிசி உப்புமாகூட ஜீரணமாயிடுத்து. இல்லாத வலியை எழுதிக் குடுத்துட்டு, இருக்கிற நெல்லை எப்படிடா எழுதறது?"

உப்பிலி தலையைக் குனிந்துகொண்டான். "என்னாலதானே உங்களுக்கு இந்தப் பேர். அந்த ரெண்டு ஏக்கரை நான் வித்துடறேன்."

"உன் மாமனார் குடுத்த மஞ்சக்காணி. உன் ஆத்துக்காரி சொத்து. அதை விக்க நீ யாரு? எவனோ எழுதினான்னு நிலத்தை வித்தா, எழுதினது நெஜம்னு நாமே பட்டயம் குடுத்த மாதிரி. முதல்ல பொத்தானைச் சரியாப் போடு. மில்லுக்கு நேரமாச்சு பார்."

ஸாவித்ரி தயிர் சாதப் பொட்டலத்தோடு வந்தாள். பத்து நாளாக அவளும் சரியாகப் பேசவில்லை. பையை எடுத்துக் கொடுக்காமல் அதன் காதைப் பிடித்தபடியே நின்றாள். தராசு, கயிறு, நாலு முளைக்குச்சி, அளக்கிற துணி டேப் எல்லாம் அதில்தான் இருந்தன.

"ஏன்னா, பெரிய ஆபீசர்தானே வரா. டேப்பு கீப்பெல்லாம் அவாளே கொண்டு வர மாட்டாளா?"

"கல்யாணத்துக்குப் போறவன் இலையைத் தூக்கிண்டு போகாம இருக்கலாம். நான் கல்யாணத்துக்கா போறேன்? குடு."

அவள் கொடுத்தாள். ஏதோ சொல்ல வந்து விழுங்கினாள். பெண்பிள்ளை கவலை என்று நினைத்துக்கொண்டு அவர் படி இறங்கினார்.

*

கூமாப்பட்டியில் இறங்கியபோது மேற்கு மலை வெயிலில் தெளிவாக நின்றது. துணை இயக்குநரின் ஜீப் முன்னதாகவே வந்து வரப்போரம் நின்றிருந்தது. ஜெய்னப் மேடத்துக்கு நாற்பது வயசிருக்கும். பருத்திப் புடவை, கான்வாஸ் ஷூ, கையில் கறுப்புக் குடை. வணக்கம் சொன்னார், சிரிக்கவில்லை.

"நீங்க எப்பவும் எப்படிச் செய்வீங்களோ அப்படியே செய்ங்க சார். நான் பார்க்கத்தான் வந்திருக்கேன்."

வயல் பாலம்மாள் என்ற விதவையுடையது. அவள் தலைத்துண்டோடு நாலு அறுப்பு ஆட்களைக் கூட்டிக்கொண்டு நின்றாள். பக்கத்து வரப்பில் கையைக் கட்டிக்கொண்டு இன்னொருவர் நின்றார். சுயம்புலிங்கம். மாதிரி அறுவடை முடிந்த அந்த வாரமே தன் வயல் முழுவதையும் அறுத்து, மூட்டை பிடித்து எண்ணி வைத்திருந்த மனிதர்.

"வாங்க சாமி," என்றார் சுயம்புலிங்கம். மரியாதைக் குரல்தான், ஆனால் கை அவிழவில்லை. "எங்க அய்யா காலத்துல இருந்து அந்த வயக்காடு ஏக்கருக்கு இருவது மூட்டைக்குக் கொறஞ்சதில்ல. இந்த வருசம் இருவத்தொண்ணரை கண்டேன். சாமி கணக்குல பதினேழரைன்னு வருதாமே?"

"என் தராசு சொன்னதை எழுதினேன், சுயம்புலிங்கம்."

"தராசைக் கொற சொல்லலை. ஆனா எம் மகளைக் கேட்டு மம்சாபுரத்துல இருந்து வந்தவுக, 'என்னய்யா, கவர்மெண்டுக் கணக்குலயே ஒம்ம வயலு சப்பையாமே'ன்னு கேட்டுட்டுப் போயிட்டாக. அவுகளுக்கு நான் என்னத்தைச் சொல்ல?" மனிதர் குரல் தழைந்தது. "மொட்டைக் கடுதாசி போட்டது நான் இல்ல, அதையும் சொல்லிப்புடுதேன். ஏச வேண்டியதை மூஞ்சிக்கு நேராத்தான் ஏசுவேன்."

"தெரியும்," என்றார் சம்பத்குமார். தன் பெயரைப் போலவே இன்னொருவர் பெயரும் அந்த எட்டு கிலோவில் மாட்டிக்கொண்டிருப்பது அவருக்கு அப்போதுதான் உறைத்தது.

"எம் வயலையும் சப்பைன்னு எழுதிப்புடாதீக சாமி," என்றாள் பாலம்மாள். "எனக்குக் கல்யாணத்துக்குப் பொண்ணு இல்ல. ஆனாலும் ரோசம் இருக்குல்லா."

அறுப்பு ஆட்கள் சிரித்தார்கள்.

அவர் எண் அட்டவணையைப் பிரித்தார். எந்த இடத்தில் சதுரம் கட்டுவது என்பதை அந்தப் புத்தகத்தில் விழுகிற எண்தான் தீர்மானிக்கும். வயல்காரருக்கும் உரிமையில்லை, அதிகாரிக்கும் உரிமையில்லை. தென்மேற்கு மூலையிலிருந்து நீளவாட்டில் முப்பத்தொரு காலடி, அகலவாட்டில் பதினாலு. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நடந்தார். முதல் முளையை அடித்தார். டேப்பை இழுத்து ஐந்து மீட்டரில் இரண்டாவது. திரும்பி மூன்றாவது. நாலாவது. கயிற்றைச் சுற்றினார். இருபத்தேழு வருஷத்தில் எத்தனை ஆயிரம் தடவை அடித்த முளைகள்! கண்ணை மூடிக்கொண்டு அடித்தாலும் மூலை நேராக விழும் என்பதில் அவருக்கு ஒரு கர்வமே உண்டு.

அந்தக் கர்வத்தினால்தான் சுயம்புலிங்கம் வயலில் ஒரு காரியத்தை விட்டுவிட்டார். குறுக்கே, மூலைக்கு மூலை அளந்து பார்க்க வேண்டும் என்பது விதி. பக்கம் ஐந்து மீட்டர் என்றால் மூலைவிட்டம் ஏழு மீட்டரும் ஏழு சென்டிமீட்டரும் வர வேண்டும். அன்றைக்கு அறுப்பு ஆட்கள் அரிவாளோடு காத்திருந்தார்கள்; சதுரம் கண்ணுக்குக் கச்சிதமாக இருந்தது; அளக்காமல் விட்டார். வேலையில் சேர்ந்ததிலிருந்து அன்றுதான் முதல் தடவை.

இன்று மேடம் பார்க்கிறார். விடவில்லை. அறுப்பு ஆள் ஒருவனை ஒரு முனையைப் பிடிக்கச் சொல்லிவிட்டு, எதிர் மூலைக்குப் போய்க் குனிந்தார்.

ஆறு மீட்டர் எண்பத்தாறு.

முளை எங்கோ கோணிவிட்டது என்று நினைத்தார். ஒரு பக்கம் கோணினால் மறுபக்க மூலைவிட்டம் நீண்டுதானே தீர வேண்டும்? அதை அளந்தார்.

அதுவும் ஆறு மீட்டர் எண்பத்தாறு.

சம்பத்குமார் நிமிர்ந்தார். நாலு பக்கமும் ஐந்து. இரண்டு மூலைவிட்டமும் ஏழுக்குக் குறைவு. அப்படி ஒரு சதுரத்தைப் பெருமாளாலும் கட்ட முடியாது. முளைகளில் குற்றமில்லை. அப்படியானால் டேப்பில்தான் ஏதோ இருக்க வேண்டும்.

டேப்பை முழங்கை முழங்கையாக விரல்களுக்குள் ஓடவிட்டார். மூன்று மீட்டர் தாண்டியதும் விரல் நுனியில் ஏதோ தட்டுப்பட்டது. கண்ணருகே கொண்டு போனார். மூன்று மீட்டர் இருபது சென்டிமீட்டருக்கு அடுத்தபடியாக மூன்று மீட்டர் எழுபது என்று இருந்தது. நடுவில் அரை மீட்டரைக் காணோம். வெட்டின இரண்டு முனைகளையும் சேர்த்து, டேப்பின் மஞ்சள் நிறத்திலேயே நூல் எடுத்து, பொடிப் பொடியாகத் தையல். பத்தடி தள்ளி நின்றால் யாருக்கும் தெரியாது. பக்கத்தில் நின்றும் அவருக்குத் தெரியவில்லையே!

அந்தத் தையலை அவருக்குத் தெரியும். முப்பது வருஷமாக அவர் சட்டைக் காலரைத் திருப்பித் தைக்கிற கை.

ஜெய்னப் மேடம், அறுவடையைப் பார்க்க வந்திருந்த கிராம அதிகாரியோடு பேசிக்கொண்டு குடைக்குள் நின்றிருந்தார். இருபது அடி தூரம். ஒருவரும் பார்க்கவில்லை. டேப்பைச் சுருட்டிப் பைக்குள் போட்டுவிட்டு, 'இது பழசு மேடம், உங்க இரும்பு டேப்பைக் குடுங்கோ' என்று சொன்னால் போதும். அங்கே எட்டு, இங்கே பத்து என்று வந்தால், 'ஒரே ஊரில் இரண்டு வயல் இரண்டு விதமாக விளையும், அதற்காகத்தானே இரண்டு வயல் அறுக்கிறோம்' என்று சொல்லிக்கொள்ளலாம். துறைப் புத்தகத்திலேயே இருக்கிற வாக்கியம். யாரும் மறுக்க முடியாது. ஸாவித்ரி பெயர் வெளியே வராது.

வயல் முழுக்க நெற்கதிர் உரசுகிற சத்தம். பக்கத்து வரப்பில் சுயம்புலிங்கம் இன்னும் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

"மேடம்," என்று கூப்பிட்டார் சம்பத்குமார். வயலே திரும்பிப் பார்க்கிற மாதிரி கூப்பிட்டார். "கொஞ்சம் இங்கே வரணும். சுயம்புலிங்கம், நீங்களும் வாங்கோ. நான் உங்க வயல்ல தப்புப் பண்ணியிருக்கேன்."

*

ஜெய்னப் மேடம் தையலை வெகு நேரம் பார்த்தார். நகத்தால் நெருடினார்.

"இதைத் தைச்சது யாரு?"

"என் சம்சாரம். கேக்கவே வேண்டாம், அவளைத் தவிர வேற யாருக்கும் இப்படி வராது. ஆனா மேடம், ஒரு விஷயம். டேப் எப்படிக் கெட்டிருந்தாலும், மூலைவிட்டம் அளந்திருந்தா அன்னிக்கே பிடிச்சிருப்பேன். அளக்காம விட்டது நான். ரிப்போர்ட்ல என் பேரை மட்டும் எழுதுங்கோ."

"எழுதத்தான் போறேன்," என்றார் மேடம். ஜீப்பிலிருந்து இரும்பு டேப்பை எடுத்து வரச் சொன்னார். "டேப்பைத் தொலைச்சவங்களைப் பார்த்திருக்கேன். டேப்பால ஆட்டைக் கட்டிப் போட்டவரையும் பார்த்திருக்கேன். தையல் போட்டுக் கொண்டு வந்தவரை இன்னைக்குத்தான் பார்க்குறேன்."

இப்போதும் அவர் சிரிக்கவில்லை. ஆனால் குடையை மடக்கிவிட்டார்.

எல்லாருமாகச் சுயம்புலிங்கத்தின் வயலுக்கு நடந்தார்கள். தாள் காய்ந்து மண் இறுகிக் கிடந்தது. எந்த இடம் என்று தேட வேண்டியிருக்கவில்லை. சுயம்புலிங்கமே முன்னால் போய்க் காலால் காட்டினார். "இந்தா, முளை அடிச்ச குழி. இது ஒண்ணு. அது ஒண்ணு. பத்து நாளா வந்து வந்து பாக்கேன், எனக்குத் தெரியாதா?"

மேடமே உட்கார்ந்து அளந்தார். கிராம அதிகாரி மறுமுனையைப் பிடித்தார்.

"நாலு மீட்டர் ஐம்பது. இந்தப் பக்கமும் நாலு ஐம்பது."

சம்பத்குமார் காகிதம் எடுக்கவில்லை. "நாலரைக்கு நாலரை, இருபதேகால் சதுர மீட்டர். அதுல எட்டு கிலோ நூறு. சதுர மீட்டருக்கு நானூறு கிராம். இருபத்தஞ்சு சதுர மீட்டருக்கு..." முளைக்குழியைப் பார்த்தார். "பத்து கிலோ."

"ஏக்கருக்கு எத்தனை மூட்டைன்னு சொல்லுங்க சாமி, எனக்கு அது போதும்."

"இருபத்தொண்ணரை. நீங்க கண்டது எத்தனையோ அத்தனை."

சுயம்புலிங்கத்தின் கட்டின கை அவிழ்ந்தது. "அப்படிச் சொல்லுங்க!" என்று தொடையில் தட்டினார். "ஏட்டி வெள்ளைத்தாயி!" தூரத்தில் மாட்டை ஓட்டிப் போய்க்கொண்டிருந்த மனைவியைப் பார்த்துக் கத்தினார். "இருவத்தொண்ணரையாம்ட்டி! கவர்மெண்டே சொல்லிருச்சு!"

"ஆங்! நீரு சொன்னப்ப நான் நம்பலையாக்கும்?" என்று பதில் கத்தினாள் அவள்.

வரப்பிலிருந்த ஒரு இளவட்டத்துக்கு மட்டும் முகம் வாடிற்று. "போங்க மாமா. கொறஞ்ச கணக்கே இருந்திருந்தா ஊருக்குத் தொகை வந்திருக்கும்ல."

"ஏலே, வெளஞ்ச வயலைச் சாவியாப் போச்சுன்னு சொல்லி வார காசுல கஞ்சி குடிக்கச் சொல்லுதியா? போலே, போயி மாட்டுக்குத் தண்ணி காட்டு."

பாலம்மாள் வயலில் முளைகளைப் பிடுங்கி, இரும்பு டேப்பால் அளந்து, மறுபடியும் அடித்தார் சம்பத்குமார். இரண்டு மூலைவிட்டமும் ஏழு மீட்டர் ஏழு. அறுத்து, அடித்து, தூற்றித் தராசில் வைத்தபோது மேடம் குனிந்து படித்தார். பத்து கிலோ இருநூறு.

"சுயம்பு அண்ணனை விட எரநூறு கிராம் கூட!" என்றாள் பாலம்மாள், எல்லாருக்கும் கேட்கும்படி.

ஜீப்பில் ஏறுமுன் ஜெய்னப் மேடம் நின்றார். "சார், விளக்கம் எழுதிக் குடுங்க. மூலைவிட்டம் அளக்காததுக்கு உங்க மேல குறிப்பு வரும். அதை நான் தடுக்க மாட்டேன்."

"தடுக்கப்படாது."

"தப்பைக் கண்டுபிடிச்சவரும் சொன்னவரும் நீங்கதான்னும் எழுதுவேன். முதல் வயலோட எண்ணைத் திருத்தி, காரணத்தோட அனுப்புங்க. கடுதாசி ஃபைலை நான் மூடிடறேன்." பிறகு, கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, "பட்டியல்ல உங்க பேர் இருக்குன்னு தெரியும். இன்னைக்கு எழுதப் போறதால அது கீழே போகாதுன்னு நினைக்கிறேன்" என்றார்.

ஜீப் புழுதியைக் கிளப்பிக்கொண்டு போயிற்று. சம்பத்குமார் வாய்க்கால் ஓரம் உட்கார்ந்து பொட்டலத்தைப் பிரித்தார். பத்து நாளைக்கு அப்புறம் தயிர் சாதத்தில் உப்பு சரியாக இருப்பது நாக்குக்குத் தெரிந்தது.

*

நேரே வீட்டுக்குப் போகாமல் ராஜபாளையம் பஸ்ஸில் ஏறினார். மில் வாசலில் காவல்காரர் ராஜு எழுந்து நின்று, "ரண்டி சாமி, ரண்டி" என்று தெலுங்கில் வரவேற்று ஸ்டூலைத் துடைத்துப் போட்டார். சங்கு ஊதிற்று. பஞ்சு படிந்த தலைகளோடு ஆட்கள் வெளியே வந்தார்கள். கடைசியாக உப்பிலி வந்தான். அண்ணா மில் வாசலில் உட்கார்ந்திருப்பதைப் பார்த்ததும் அவனுக்கு முகத்தில் ரத்தம் வற்றிப்போயிற்று.

"சஸ்பெண்டா அண்ணா?"

"அசடு. உக்காரு."

நடந்ததைச் சொன்னார். தையல் என்ற இடம் வந்ததும் உப்பிலி வாயைப் பொத்திக்கொண்டான். அப்புறம் பொத்த முடியாமல் சிரித்தான். கண்ணில் நீர் வரும் வரைக்கும் சிரித்தான். ராஜு என்ன ஏது என்று தெரியாமலே கூடச் சிரித்தார்.

"சர்க்கார் டேப்புக்கு மன்னி ஒட்டுப் போட்டாளா! எழுதினவன் மட்டும் யாருன்னு தெரிஞ்சா..."

"தெரிஞ்சு என்ன பண்ணப் போறே? கணக்குல தப்பு இருக்குன்னு எழுதினான். தப்பு இருந்தது. அவன் சொன்ன காரணம்தான் பொய். அந்தப் பொய் இன்னிக்குக் கூமாப்பட்டி வரப்பிலேயே செத்துப்போச்சு." துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "நிலத்தை விக்கறேன்னு உன் ஆத்துக்காரி காதுல போடலியே?"

"இன்னிக்குச் சாயங்காலம் சொல்லலாம்னு..."

"பெருமாள் உன்னைக் காப்பாத்தினார். போய்ச் சேரு."

*

வீட்டு வாசலில் கோலம் போட்டு, விளக்கேற்றிவிட்டு நிலைப்படியிலேயே நின்றிருந்தாள் ஸாவித்ரி. அவர் முகத்தைப் பார்த்தாள். முகம் தெளிந்திருந்தது. அப்படியும் அவள் கேட்ட முதல் கேள்வி வேறாக இருந்தது.

"டேப்பைப் பத்தி ஏதாவது கேட்டாளா?"

"கேட்டா. தைச்சது யாருன்னு கேட்டா."

அவள் கை புடவைத் தலைப்பைப் பற்றிக்கொண்டது. "பரண்ல எலி கடிச்சுடுத்துன்னா. ஒரு முழம் சல்லடையாப் போயிடுத்து. சர்க்கார் சாமான் சேதம்னா மெமோ குடுப்பான்னு நீங்கதானே சொல்லியிருக்கேள். உங்களுக்கு ஒரு மெமோகூட வந்ததில்லே. அதான், கடிச்ச இடத்தை மட்டும் நறுக்கிட்டு, தெரியாம இணைச்சுட்டேன். ஒரு முழம்தானே, அவ்வளவு நீளத்துல என்ன தெரியப் போறதுன்னு..."

சம்பத்குமார் ஊஞ்சலில் உட்கார்ந்தார். கோபப்பட வேண்டும் என்று பஸ்ஸில் வரும்போதே தீர்மானித்திருந்தார். கோபம் வரவில்லை. வந்தது சிரிப்பு.

"ராமநாதபுரத்துக்குத் தூக்கி அடிச்ச அதிகாரியால என் எண்ணை மாத்த முடியலே. நீ ஊசியும் நூலும் வெச்சுண்டு மாத்திட்டே!"

"ரொம்பப் பெரிய தப்பான்னா?"

"அரை மீட்டர் தப்பு. சரி பண்ணியாச்சு. பேர் நின்னுடுத்து. போய்க் காபி கொண்டு வா."

அவள் உள்ளே போகத் திரும்பினாள். அவர் கட்டைப்பேனாவையும் வெள்ளைத் தாளையும் எடுத்தார். விளக்கத்தில் தேதி போட வேண்டும்.

"எலி கடிச்சது என்னிக்கு? பொங்கலுக்குப் பரண் ஒழிச்சப்பவா?"

"இல்லையே," என்றாள் ஸாவித்ரி. "புரட்டாசியில, கொலு பொம்மை இறக்கினப்ப. நான் தைச்சு வெச்சுட்டேன். அப்புறம் ஐப்பசியில உங்க ஆபீஸ் நைனா முகமது வந்து, மம்சாபுரத்துல நாலு வயல் அறுக்கணும்னு வாங்கிண்டு போனாரே. திருப்பிக் கொண்டு வந்து குடுத்தபோதுகூட நான்தான் வாங்கி வெச்சேன்."

பேனா தாளின் மேல் நின்றது.

நைனா முகமது. அவருக்குக் கீழே வேலை பார்த்த இளநிலை ஆய்வாளர். ஐப்பசியில் மம்சாபுரம் கார் பருவ நெல்லுக்கு நாலு வயலிலும் குறைந்த விளைச்சலோடு வந்து நின்றான். "சார், பக்கம் சரியா இருக்கு, மூலைவிட்டம் சேர மாட்டேங்குது. டேப்ல ஏதோ இருக்குன்னு நினைக்கிறேன்" என்றான். அன்று அவனுக்குக் கிடைத்த பதில் சம்பத்குமாருக்கு எழுத்துக்கு எழுத்து ஞாபகம் இருந்தது. 'முளை அடிக்கத் தெரியாதவன் டேப்பைக் குறை சொல்லாதே.' அதோடு விடாமல் குறிப்பும் எழுதினார். அந்தக் குறிப்பினால் நைனா முகமதுவின் பயிற்சிக் காலம் ஆறு மாதம் நீட்டிக்கப்பட்டு, அவன் வயல் வேலையிலிருந்து எடுக்கப்பட்டு, மாவட்ட அலுவலகத்தில் பழைய கட்டுகளைத் தூசி தட்டிக்கொண்டிருக்கிறான். எதிர்த்து ஒரு வார்த்தை பேசவில்லை. அப்புறம் இந்த வீட்டுப் பக்கமே வரவில்லை.

அவன் மூலைவிட்டம் அளந்திருக்கிறான். இவர் அளக்கவில்லை.

"என்னன்னா? காபி ஆறிடப் போறது."

அவர் சொன்னார். சுருக்கமாக, ஒன்றையும் மறைக்காமல் சொன்னார். ஸாவித்ரி டம்ளரைக் கீழே வைத்தாள்.

"அந்தப் பிள்ளைக்கு மாசி மாசம் குழந்தை பிறக்கப் போறதே. அவன் ஆத்துக்காரி நூர்னிசாவைப் போன வாரம் கடைத் தெருவிலே பார்த்தேன். முகம் கொடுத்தே பேசலே. ஏதோ உடம்புக்கு முடியலைன்னு நினைச்சேன்."

சம்பத்குமார் விளக்கத் தாளை ஓரமாக நகர்த்திவிட்டு வேறொரு தாள் எடுத்தார். இயக்குநருக்கு. முதல் வரியை நிறுத்தி நிதானமாக எழுதினார்: 'நைனா முகமது அவர்கள் ஐப்பசியில் என்னிடம் சொன்னது சரி; நான் எழுதிய குறிப்பு தவறு.' இரண்டு பக்கம் எழுதிக் கையெழுத்துப் போட்டார். காலையில் கோணின கை இப்போது கோணவில்லை. மார்பிலிருந்து ஒரு கல் இறங்கின மாதிரி இருந்தது. இதை யாரும் கேட்கவில்லை. கேட்பதற்கு முன்னாலேயே எழுதிவிட்டார் என்பதில் பழைய நிமிர்வு கொஞ்சம் திரும்பி வந்தது.

"நாளைக்கு ஞாயித்துக்கிழமை. அவன் மம்சாபுரத்து ஆத்துலதான் இருப்பான். இதைத் தபால்ல போடறதுக்கு முன்னாடி அவன் கையில காமிக்கணும்."

"நானும் வரேன்," என்றாள் ஸாவித்ரி.

அவர் நிமிர்ந்து பார்த்தார். இந்தக் குடும்பத்துப் பெண்கள் ஆபீஸ் விஷயமாக இன்னொருத்தர் வீட்டுப் படி ஏறினதில்லை.

"தைச்சது நான். நூர்னிசா கிட்ட நான்தான் சொல்லணும். ஆம்பிளைகள் ரெண்டு பேரும் எண்ணைப் பேசிண்டிருங்கோ."

சம்பத்குமார் காபியை எடுத்துக் குடித்தார்.

"மம்சாபுரம் பஸ் ஏழு மணிக்கு. ஆறே முக்காலுக்கு வாசல்ல நிக்கணும்."

"நான் ஆறரைக்கே நிப்பேன். ஏன்னா..." அவள் தயங்கினாள். "அவா கதவைத் திறப்பாளோ?"

"தெரியாது," என்றார் அவர். "திறக்கற வரைக்கும் நிப்போம்."